கால்பின்னி எரிந்த வருடம்

ஹெக்டர் தன் வாயால் "பொறு" என்று சொல்லிப் பதினோரு வருடம் ஆகியிருந்தது. கறக்கும்போது மாடு காலை உதறினால் "நில்லுடி" என்பானே தவிர, அந்த வார்த்தை வராது. நாய் தட்டில் வாய் வைக்கப் பாய்ந்தால் கையால் தள்ளுவான். பள்ளத்தாக்கில் இருந்தவர்கள் அவன் பேச்சே அப்படி என்று நினைத்துக்கொண்டார்கள். காரணம் தெரிந்தவர்கள் அவனும் அவன் பெண்டாட்டி எல்வாவும்தான். அவன் அந்த வார்த்தையை விழுங்கும்போதெல்லாம் அவளுக்கு ஒரு கசப்பான திருப்தி இருந்தது. அதையும் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும்.

அவர்கள் மகள் டல்சிக்கு அப்போது ஆறு வயது. டாஸ்மேனியாவில் குளிர் உச்சத்தில் இருக்கிற ஜூலை மாதம், தோல் பருவம். கீழே பண்ணையை ஹெக்டரின் தம்பி ரெக்ஸிடம் விட்டுவிட்டு மூன்று பேரும் மலைமேல் கெட்டில் சுனைக் குடிலில் இருந்தார்கள். கண்ணி வைப்பது, மாட்டிய வாலபி என்கிற குட்டைக் கங்காருகளை உரிப்பது, தோலைச் சுவரில் ஆணியடித்து அடுப்புச் சூட்டில் உலர்த்துவது என்று குளிர்காலம் முழுக்க அங்கேதான் குடித்தனம். குழந்தைக்குத் தொண்டை கட்டியது. மறுநாள் காலை வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்தால் உள்ளே சாம்பல் நிறத்தில் ஏதோ படர்ந்திருந்தது. அது தொண்டை அடைப்பான் என்று எல்வாவுக்குத் தெரியும். அவள் கூடப் பிறந்தவன் ஒருவன் அதில்தான் போனான். குழந்தையைக் கம்பளியில் சுற்றிக்கொண்டு வாசலுக்கு வந்துவிட்டாள்.

வெளியே பனி விழத் தொடங்கியிருந்தது. கனமாக இல்லை. ஹெக்டர் வானத்தை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்தான். "ஒருநாள் பொறு எல்வா. நாளைக்கு விட்டுடும். இந்தப் பனியில புள்ளையைத் தூக்கிட்டுப் போனா வழியிலயே ஏதாவது ஆயிடும்" என்றான். அவனுக்கு வானம் தெரியும் என்று ஊரே சொல்லும். அவளும் நம்பினாள். பனி விடவில்லை. மறுநாள் கதவைத் திறக்கவே மண்வெட்டி வேண்டியிருந்தது. மூன்றாம் நாள் விடிவதற்குள் டல்சி போய்விட்டாள்.

மலை முழுக்க மண் கல்லாக உறைந்து கிடந்தது. சுனைக்கு மேல் சரிவில் கால்பின்னி மரக் கூட்டத்தின் அடியில் மட்டும் மண்வெட்டி இறங்கியது. அங்கே வருடக்கணக்காக விழுந்த இலை மக்கி மெத்தையாகக் கிடந்தது. ஹெக்டர் கிளைகளுக்கு நடுவே குனிந்து தவழ்ந்து போய்க் குழி வெட்டினான். மூடி முடித்துக் கல் அடுக்கியதும் எல்வா சொன்னாள்: "நீதான் பொறுன்னு சொன்னே."

அதற்குப் பிறகு அவள் அதைத் திருப்பிச் சொன்னதில்லை. சொன்னது தப்பு என்றும் சொன்னதில்லை.

கால்பின்னி ஒன்றும் ராஜ மரம் இல்லை. பெயருக்குப் பீச் என்கிற காட்டுமர வம்சம். ஆளுயரத்துக்குக் கொஞ்சம் மேலே போவதற்குள் அலுத்துப்போய், கிளையோடு கிளை சிக்கிக்கொண்டு பாறைச் சரிவில் படுத்துவிடும். உள்ளே நுழைந்தவன் காலை வாரிவிடாமல் அனுப்பாது. படித்தவர்கள் ஃபேகஸ் என்பார்கள், தோல்காரர்கள் கால்பின்னி என்றுதான் திட்டுவார்கள். இலை கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிது, மடித்து மடித்து இஸ்திரி போட்டதுபோல வரிவரியாக இருக்கும். டாஸ்மேனியா மலையில் மற்ற மரங்களெல்லாம் வருடம் முழுக்க அதே பச்சையோடு நிற்க, இது ஒன்றுதான் குளிருக்கு முன்னால் அத்தனை இலையையும் உதிர்த்துவிட்டு நிற்கும்.

உதிர்ப்பதற்கு முன்னால்தான் விஷயமே. டல்சியைப் புதைத்த மறு வருடம், ஏப்ரல் கடைசியில் எல்வா தனியாக ஏறிப் போனாள். சுனைக்கு மேலே அந்தச் சரிவு முழுவதும் மஞ்சளும் தாமிரமும் சிவப்புமாக மாறியிருந்தது. கல் அடுக்கின்மேல் இலைகள் விழுந்துகொண்டிருந்தன. அவள் உட்கார்ந்து வயிறு நோக அழுதாள், அதற்குப் பிறகு அந்த வருடத்தில் முதல்முறையாகப் பசித்தது. கீழே சர்ச் கல்லறைத் தோட்டத்துக்குக் குழந்தையை மாற்றிக்கொள்ளலாம் என்று போலீஸ்காரர் சொல்லியிருந்தார். அன்றைக்கு இறங்கிப் போய் அவரிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டாள்.

அதிலிருந்து ஒவ்வொரு ஏப்ரலும் அந்த ஒருநாள். இரண்டாவது வருடம் ஹெக்டரும் பின்னாலேயே வந்தான், அவள் தடுக்கவில்லை. அவள் ஒரு கோடியில், அவன் ஒரு கோடியில். ரொட்டியும் ஆறிப்போன ஆட்டுக்கறியும் தின்பார்கள், கெட்டிலில் டீ போடுவார்கள், இலை விழுவதைப் பார்ப்பார்கள். வரும்போதும் போகும்போதும் பேச்சில்லை. ஆனாலும் அவர்கள் புருஷன் பெண்டாட்டியாக இருந்தது வருடத்தில் அந்த ஒருநாள்தான் என்று சொன்னால் அது பொய்யில்லை. குடிலில் மட்டும் எல்வா அதற்குப் பிறகு ஒரு ராத்திரிகூடத் தங்கவில்லை. தோல் பருவத்துக்கு ஹெக்டரும் ரெக்ஸும்தான் போய் வந்தார்கள்.

பதினோராவது வருடம் ஜனவரியில் ஹெக்டர்மேல் குதிரை விழுந்து, வலது கால் முழங்காலுக்குக் கீழே இரண்டு இடத்தில் முறிந்தது. பிப்ரவரி வந்துவிட்டது. மேலே புல்வெளியைக் கொளுத்தியாக வேண்டும்.

கொளுத்தாதவன் கண்ணி வைக்க வேண்டாம் என்பது அந்த மலைக்காரர்கள் பேச்சு. முற்றிப்போன பொத்தான் புல்லைக் கோடை முடிவில் எரித்துவிட்டால், குளிருக்கு முன்னால் இளம்புல் தளதளவென்று வரும். அதைத் தின்ன வாலபிகள் காட்டிலிருந்து இறங்கும். இறங்குகிற வழியில் கண்ணி. அவர்கள் தாத்தா காலத்திலிருந்து இதுதான் வழக்கம். நெருப்பைப் பற்றி அவர்களுக்கு ஒரே ஒரு அபிப்பிராயம்தான் உண்டு: எரிந்தது எல்லாம் திரும்ப வரும், முன்னைவிடச் செழிப்பாக வரும். புல் வந்தது, புதர் வந்தது, யூகலிப்டஸ் மரம் அடியோடு கருகினாலும் அடுத்த வருடம் தண்டெல்லாம் துளிர்த்தது. நம்பாமல் இருக்கக் காரணம் ஏது?

ரெக்ஸ் அந்த வருடம் அணைக்கட்டு வேலைக்குப் போயிருந்தான். "நான் போய்க் கொளுத்திட்டு வரேன்" என்றாள் எல்வா.

ஹெக்டர் கட்டிலில் காலை நீட்டியபடி அவளைப் பார்த்தான். "நீயா? குடில்ல தங்கணுமே."

"தங்கமாட்டேன். விடியறதுக்குள்ள கிளம்பி, மத்தியானம் கொளுத்தி, இருட்டறதுக்குள்ள எறங்கிடுவேன்."

"ரொட்டி சுடற வேலைன்னு நெனச்சியா? மேக்கால மேகம் ஏறும். மேகத்தப் பாத்ததும் மழை வந்துடுச்சுன்னு நெனச்சிடாத. அது முதல்ல சூடா ஒரு காத்த அனுப்பும், அப்புறம்தான் மழை. முதல் தூத்தல் உன் மூஞ்சில விழணும். விழுந்த பெறகுதான் தீக்குச்சிய உரசணும். விழலன்னா ஒருநாள் பொறுத்து…"

நிறுத்திக்கொண்டான். ஆனால் வார்த்தை வெளியே வந்துவிட்டது. இரண்டு பேரும் அதைத் தரையில் விழுந்த பாத்திரத்தைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்கள்.

"என்ன சொன்னே?"

"ஒண்ணும் சொல்லல."

"சொன்னியே."

"நெருப்பு விஷயம் எல்வா. அதுக்காகச் சொன்னேன்."

"பொறுத்தார் பூமி ஆள்வார்னு சொல்லுவாங்க" என்றாள் அவள், ரொட்டியைத் துணியில் கட்டிக்கொண்டே. "நாம பொறுத்து ஆண்ட பூமி மூணடி."

ஹெக்டர் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். வேண்டுமென்றேதான் அவள் அப்படிச் சொன்னாள், வலிக்க வேண்டும் என்றுதான் சொன்னாள். மலையேறுகிற வழி முழுவதும் அதையே திரும்பத் திரும்ப மனசுக்குள் சொல்லிக்கொண்டும் போனாள்.

மத்தியானம் மேலே சேர்ந்தபோது மேற்கே மேகம் ஏறியிருந்தது. கருங்காகங்கள் கூட்டமாகப் பள்ளத்தாக்குப் பக்கம் இறங்கின, அது மழைக்கு அடையாளம். வடக்கிலிருந்து காற்று மெல்ல வந்துகொண்டிருந்தது. தீ தெற்கே ஓடும், சுனையும் கால்பின்னிச் சரிவும் கிழக்கே இருக்கின்றன, அதனால் தொந்தரவில்லை. தூற்றல் மட்டும் விழவில்லை. ஒரு மணி நேரம் பாறைமேல் உட்கார்ந்து முகத்தை மேலே காட்டிக்கொண்டிருந்தாள். பிறகு இன்னும் ஒரு மணி நேரம். இதற்குமேல் தாமதித்தால் இறங்க இருட்டிவிடும், குடிலில்தான் படுக்க வேண்டும். போய்க் கதவைத் தள்ளிப் பார்த்தாள். சின்னப் பலகைக் கட்டில் அதே இடத்தில் இருந்தது. அதன்மேல் ரெக்ஸ் கண்ணிக் கம்பிகளைச் சுருட்டி வைத்திருந்தான்.

கதவைச் சாத்திவிட்டு வெளியே வந்தாள். திரும்பிப் போய் நாளைக்கு வரலாம், அதுவும் ஒரு வழிதான். ஆனால் வீட்டுக்குப் போனால் ஹெக்டர் ஒன்றும் கேட்கமாட்டான், முகத்தைப் பார்த்தே தெரிந்துகொள்வான், அவன் சொன்னபடி அவள் செய்ததாக ஆகிவிடும். அந்த ஒரு சொல்லுக்காகத்தான் அவள் தீக்குச்சியை உரசினாள். வேறு எந்தக் காரணம் சொன்னாலும் அது பிற்பாடு கட்டிய கதை.

முதல் அரைமணி நேரம் தீ நல்ல பிள்ளையாகத் தெற்கே ஓடியது. எல்வா மூட்டையைக்கூடக் கட்டத் தொடங்கினாள். அப்புறம் காற்று நின்றது. நின்ற காற்று மறுபடி மேற்கிலிருந்து வந்தது, அடுப்பைத் திறந்ததுபோல அவ்வளவு சூடு. புல்வெளியின் நீளம் முழுக்க ஓரமாகக் கிடந்த தீ, மொத்தமாகக் கிழக்கே திரும்பியது.

அவள் ஓடினாள். சாக்கைச் சுனையில் நனைத்து அடித்தாள், அடித்த இடம் அணைந்தது, அடிக்காத பத்து இடம் பற்றியது. காலடியில் பாசியும் மக்கிய இலையும் புகைந்தன. கையால் கல் அடுக்கைச் சுற்றி இலையை வாரி வாரி எறிந்தாள், கிளைகள் அவள் காலைப் பின்னிக் கீழே தள்ளின. கடைசியில் பாவாடை நுனி பற்றியபோது சுனைக்குள் இறங்கி இடுப்பளவு தண்ணீரில் நின்றுகொண்டாள். கால்பின்னி பிப்ரவரியில் பச்சையாக இருக்கும். அந்தப் பச்சை இலைகள் எரிகிற சத்தத்தை அவள் நின்று கேட்டாள். "டல்சி, டல்சி" என்று கத்தினாள், குழந்தை உள்ளே மாட்டிக்கொண்டதுபோல.

மழை மறுநாள் மத்தியானம் வந்தது. நன்றாகவே பெய்தது. குடிலுக்கு ஒன்றும் ஆகவில்லை.

வீட்டுக்கு வந்தவளை ஹெக்டர் தலைமுதல் கால்வரை பார்த்தான். "ராத்திரி வராததும் உயிரே இல்ல எனக்கு. எரிஞ்சுதா?"

"நல்லா எரிஞ்சுது."

"கையில என்ன?"

"கெட்டில் சுட்டுடுச்சு."

அவ்வளவுதான். அடுத்த நாள் சொல்லலாம் என்றிருந்தாள். அடுத்த நாள் அவன் கட்டிலை விட்டு இறங்கி முதல் அடி எடுத்து வைத்தான், அன்றைக்கு எப்படிச் சொல்வது? அதற்கு அடுத்த நாள், ஏப்ரலுக்குள் குதிரை ஏறிவிட வேண்டும் என்று அவனே சொன்னான். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிற கதை என்று அவளுக்குத் தெரியாமலில்லை. ஆனால் அவளுக்கு ஒரு நம்பிக்கை இருந்தது. எரிந்தது திரும்ப வரும். மார்ச்சுக்குள் அடியில் ஒரு துளிர் வந்துவிட்டால், "கொஞ்சம் கருகிடுச்சு, இதோ துளிர்க்குது பார்" என்று காட்டிவிடலாம்.

அவன் தினமும் தடி ஊன்றி வேலிவரை நடந்தான், பிறகு பாலம்வரை. "கால் இன்னும் சரியாகல. இந்த வருஷம் நான் மட்டும் போயிட்டு வரேனே" என்று ஒருமுறை சொல்லிப் பார்த்தாள்.

"தவழ்ந்தாவது வருவேன்" என்றான் ஹெக்டர்.

மார்ச் கடைசியில் ரெக்ஸ் லீவில் வந்தான். வாய் ஓயாத ஆள். வந்ததும் அண்ணன் வயிற்றில் தட்டி, "வேளாவேளைக்குத் தின்னுட்டுப் படுத்து, வளைக்குள்ள கெடக்கிற வொம்பாட் மாதிரி உருண்டுட்டியே. உன்ன யாராவது சுட்டுடப் போறாங்க" என்றான். அணைக்கட்டில் போடும் சோற்றைத் திட்டினான், மேஸ்திரியைத் திட்டினான். புல் எப்படி வந்திருக்கிறது பார்க்கிறேன் என்று மறுநாள் மலைக்குப் போனான். திரும்பி வந்தபோது வாய் ஓய்ந்திருந்தது. சாயங்காலம் எல்வா கறந்துகொண்டிருந்த கொட்டகைக்கு வந்து, கம்பத்தில் சாய்ந்து நின்றான்.

"அண்ணனுக்குத் தெரியுமா?"

அவள் கறப்பதை நிறுத்தவில்லை. "துளிர்க்கட்டும், சொல்றேன்."

"எது?"

"அதான். அடியில துளிர் வந்ததும்."

"எல்வா." அவன் ஒரு முக்காலியை இழுத்துப்போட்டு அவள் எதிரே உட்கார்ந்தான். "குடிலுக்குப் போற வழியில, செம்மறி மேட்டுல, சாம்பல் நிறத்துல கொம்பு கொம்பா நிக்குமே, கோட்டைக் கழட்டி மாட்டுவோமே, அது என்ன மரம்னு நெனச்ச?"

"ஏதோ பட்டுப்போன பைன்."

"பைன் இல்ல. கால்பின்னி. எங்கப்பா கொளுத்தினது, அண்ணன் பொறந்த வருஷம். அண்ணனுக்கு நாப்பத்திமூணு ஆச்சு. அங்க ஒரு துளிர் பாத்திருக்கியா?"

எல்வா மாட்டின் வயிற்றில் நெற்றியை வைத்துக்கொண்டாள். வருடத்துக்கு ஒருமுறை அந்தக் கொம்புகளைத் தாண்டித்தான் நடந்திருக்கிறாள். ஒருநாளும் அது என்னவென்று கேட்டதில்லை.

"புல்லு வரும், யூகலிப்டஸ் வரும்" என்றான் ரெக்ஸ். "இது வராது. இது போச்சுன்னா போச்சு. நாம யாரும் அத வாய்விட்டுச் சொல்றதில்ல, அவ்வளவுதான்."

"நான் கொளுத்தினேன்னு சொல்லிடறேன்" என்றான் ரெக்ஸ். "உன் தீ பாதியில நின்னுபோச்சு, மிச்சத்த நான் போய்க் கொளுத்தினேன், கை மீறிடுச்சுன்னு. என்னை ரெண்டு திட்டு திட்டுவான். எனக்கு வாங்கிப் பழக்கம்தான். உங்க ரெண்டு பேருக்கும் நடுவுல ஏற்கெனவே இருக்கறது போதும்."

வேண்டாம் என்று அவள் சொல்லியிருக்க வேண்டும். வாளியைத் தூக்கிக்கொண்டு எழுந்து போனாள். மௌனம் சம்மதம் என்று ரெக்ஸ் எடுத்துக்கொண்டான், தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை.

அதற்குப் பிறகு வந்த ஒரு மாதம் எல்வா பட்ட பாடு சொல்லி மாளாது. ரெக்ஸ் சொல்லிவிட்டானா, எப்போது சொல்லப்போகிறான், ஒன்றும் தெரியவில்லை. பதினோரு வருடமாக வீட்டில் குற்றவாளி ஒருவன்தான் இருந்தான், அவன் யாரென்று இரண்டு பேருக்கும் தெரியும். அந்த ஏற்பாட்டில் அவள் ஒருமாதிரி நிம்மதியாகவே இருந்திருக்கிறாள் என்பது இப்போதுதான் அவளுக்கு உறைத்தது. அவன் காத்திருந்து போனது குழந்தை. அவள் காத்திராமல் போனது மரம். இதில் அவள் எந்த முகத்தோடு அவன் எதிரே உட்கார்ந்து ரொட்டியைப் பிய்ப்பது?

ஏப்ரல் இருபத்தேழாம் தேதி புறப்பட்டார்கள். ஹெக்டர் குதிரைமேல், எல்வா கடிவாளத்தைப் பிடித்து நடந்து. செம்மறி மேட்டில் அவள் அந்தச் சாம்பல் கொம்புகளைப் பார்க்காமல் கடந்தாள். கடைசி ஏற்றத்துக்குக் குதிரை ஆகாது. கீழே கட்டிவிட்டு, ஹெக்டர் தடியை ஊன்றி ஒவ்வொரு கல்லாக ஏறினான். அவன் முகம் வெளுத்திருந்தது. கணவாயின் உச்சியில் ஒரு பாறை இருக்கிறது, அதைச் சுற்றி வந்தால் சுனை தெரியும். அந்தப் பாறைக்கு முன்னால் அவள் வாயைத் திறப்பதற்குள் அவன் அவள் கையைப் பிடித்து நிறுத்தினான்.

"எல்வா, உக்காரு. ஒண்ணு சொல்லணும்."

அவள் உட்கார்ந்தாள்.

"கீழயே சொல்லியிருக்கணும். வாய் வரல." அவன் அவள் முன்னால் தடியில் சாய்ந்தபடி நின்றான். "கால்பின்னி எரிஞ்சுபோச்சு. புள்ளை மேல இருந்தது மொத்தமும். நீ பாக்கறதுக்கு முன்னாடி சொல்லிடணும்னு… நேரா அதப் பாத்தா நீ தாங்கமாட்ட."

"யாரு சொன்னா?"

"ரெக்ஸ். முந்தாநேத்து வந்து நின்னான். அவன் போய்க் கொளுத்தினானாம். தூத்தலுக்குக் காத்திருக்கலையாம்." ஹெக்டரின் தாடை இறுகியது. "என் வீட்டு வாசப்படி மிதிக்காதன்னு சொல்லிட்டேன். டல்சியக் கொன்னுட்டே இன்னொரு தடவன்னு சொல்லிட்டேன். சொல்லியிருக்கக் கூடாதோ என்னவோ. சொல்லிட்டேன். தலையக் குனிஞ்சுக்கிட்டுப் போனான்."

அவன் குரல் உடைந்தது. பிறகு அவள் தோளில் கையை வைத்தான். பதினோரு வருடத்தில் அவன் அவளைத் தொட்டது அதுதான் முதல்தடவை என்று சொல்ல முடியாது, ஆனால் ஆறுதல் சொல்லத் தொட்டது முதல்தடவை. அவள் ஒன்றும் செய்ய வேண்டியதில்லை. இப்போது அழுதால் போதும், எல்லாம் ரெக்ஸோடு முடிந்துவிடும். அழுகையும் வந்துகொண்டுதான் இருந்தது.

"ரெக்ஸ் இல்ல" என்றாள். "நான்."

"என்ன?"

"நான்தான் கொளுத்தினேன், பிப்ரவரியில. தூத்தல் விழல. மேகம் இருந்துச்சு, காகம் எறங்குச்சு, ஆனா தூத்தல் விழல. ரெக்ஸ் பொய் சொல்றான், எனக்காக. நான் வேண்டாம்னு சொல்லல."

ஹெக்டர் கையை எடுத்தான்.

"நீ சொன்னேன்னுதான் நான் காத்திருக்கல ஹெக்டர். வேற ஒண்ணுமில்ல. நீ சொன்னத நான் கேக்கறதான்னு. அதுக்காக நம்ம புள்ளை மேல இருந்தத எரிச்சுட்டேன்."

அவன் பாறையைச் சுற்றி நடந்தான். அவள் பின்னால் போனாள். சுனை அப்படியே இருந்தது. புல்வெளியில் இளம்புல் முழங்கால் உயரத்துக்கு, எந்த வருடத்திலும் இல்லாத செழிப்பில் நின்றது, வாலபிகள் பகலிலேயே மேய்ந்துகொண்டிருந்தன. அதற்கு மேலே சரிவு முழுவதும் கறுப்பு. கிளையோடு கிளை சிக்கிய அந்த வடிவம் அப்படியே இருந்தது, இலை மட்டும் இல்லை. கல் அடுக்கு இப்போது தூரத்திலிருந்தே தெரிந்தது. முன்பெல்லாம் உள்ளே தவழ்ந்து போனால்தான் தெரியும்.

ஹெக்டர் ஒவ்வொரு தண்டாகக் கத்தியால் பட்டையைச் சுரண்டிப் பார்த்தான். பச்சை எங்கேயும் இல்லை. மண்ணைக் கிளறினான், விரலளவு ஆழத்துக்கு வெறும் சாம்பல். ஒரு மணி நேரம் இப்படி நொண்டி நொண்டிச் சரிவு முழுக்கத் தேடினான். அவன் கத்துவான் என்று எல்வா காத்திருந்தாள். கத்த வேண்டும் என்று வேண்டிக்கொண்டாள். நீதான் தீக்குச்சியை உரசினாய் என்று அவன் சொல்லிவிட்டால் கணக்கு நேராகிவிடும், அவளும் இனி அந்த வார்த்தையைச் சுமந்துகொண்டு நடப்பாள்.

அவன் கல் அடுக்கின் பக்கத்தில் வந்து நின்று கத்தியைத் துடைத்து மடக்கினான்.

"தெக்கால ஓடின தீதானே?"

"ஆமா."

"காத்து நின்னு திரும்புச்சா?"

"ஆமா. மேக்கால இருந்து."

அவன் தலையை ஆட்டினான். "காத்து அப்படித் திரும்பும்னு உனக்கு எப்படி எல்வா தெரியும்?"

குத்தல் இல்லை. யோசித்துத் தேடி எடுத்த வார்த்தையும் இல்லை. டீயை எடுத்து நீட்டுவதுபோலச் சொன்னான். சொல்ல ஒரு மூச்சு நேரம்கூட ஆகவில்லை.

எல்வா அவனைப் பார்த்தாள். நாற்பத்துமூன்று வயதில் தலை முழுக்க நரைத்திருந்தது. அது எந்த வருடம் நரைத்தது என்று அவளுக்குத் தெரியவில்லை. இதே இடத்தில், இதே கல் அடுக்கின் எதிரே, அவளும் அன்றைக்கு இப்படி ஒரு மூச்சு நேரத்தில் சொல்லியிருக்கலாம். அல்லது அடுத்த வருடம். அதற்கடுத்த வருடம். ஒன்பது ஏப்ரல் அவன் அந்தக் கோடியில் உட்கார்ந்து அதற்காகத்தான் இலை விழுவதைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறான்.

"பனி விடாதுன்னு உனக்கும் எப்படித் தெரிஞ்சிருக்கும், ஹெக்டர்" என்றாள்.

அவன் அசையவில்லை. கேட்கவில்லையோ என்று நினைத்தாள். பிறகு தடி கையிலிருந்து நழுவிச் சரிவில் உருண்டது. முறிந்த காலை நீட்டியபடி அவன் சாம்பலில் உட்கார்ந்துவிட்டான். முகத்தை மூடிக்கொள்ளக்கூட இல்லை. டல்சி போன அன்றைக்கு அவன் அழுது அவள் பார்க்கவில்லை, அன்றைக்கு அவனை அழ விட்டவர்கள் யாருமில்லை.

"இன்னொரு தடவ சொல்லு" என்றான்.

எல்வா அவன் பக்கத்தில் உட்கார்ந்து இன்னொரு தடவை சொன்னாள். மூன்றாவது தடவை அவன் கேட்காமலே சொன்னாள்.